ஏழாவது பத்தி

ஏழாவது பத்தியை நான் அந்த மனுவுக்காக அடிக்கவில்லை. அது ஏற்கெனவே அங்கே இருந்தது. இதைச் சமாதானமாகச் சொல்லிப் பார்க்கலாம் என்று பலமுறை வாயைத் திறந்து மூடியிருக்கிறேன்.

கோர்ட் வாசலுக்கு எதிரே என் டைப்பிங் கடை. இரண்டு கம்ப்யூட்டர், ஒரு பிரிண்டர், ஒரு ஜெராக்ஸ் மெஷின், மழை வந்தால் ஒழுகுகிற ஒரு மூலை. வக்கீல்கள் கிறுக்கித் தருவதை மனுவாக்கிக் கொடுப்பது வேலை. இந்தத் தொழிலில் இருக்கிற எவனும் மனுவை முதல் வரியிலிருந்து அடிக்க மாட்டான். பழைய ஃபைலைத் திறப்போம். பெயர், வயது, உத்தரவு எண், தேதி எல்லாம் மாற்றுவோம். புது மனு தயார். ஜீவனாம்சத்துக்கு ஒரு ஃபைல், வீட்டைக் காலி செய்ய ஒரு ஃபைல். டிரான்ஸ்பரை எதிர்த்துப் போட என்னிடம் இருந்தது ஒன்றே ஒன்று. எட்டு வருஷத்துக்கு முன்னால் ஒரு பள்ளிக்கூடத்துக் குமாஸ்தாவுக்காக அடித்தது. பிறகு வந்த டிரான்ஸ்பர் மனுக்கள் எல்லாம் அதன் வயிற்றில் பிறந்தவைதான். ஒவ்வொரு தடவையும் ஏழாவது பத்தியை மட்டும் மறக்காமல் எடுத்துவிடுவேன். அது அந்தக் குமாஸ்தாவின் சொந்தச் சங்கதி. அன்றைக்கு மறந்துபோனேன்.

மறந்தது வேறு யாருடைய மனுவிலாவது இருந்திருக்கலாம். நான் குடியிருக்கிற வீட்டுக்காரர் மனுவிலா இருக்க வேண்டும்?

தெருவுக்கே அவர் வால்வு அண்ணன். குடிநீர்த் துறையில் வால்வு திறக்கிற வேலை. விடிவதற்கு முன்னால் சைக்கிள் பாரில் ஆள் உயர இரும்புச் சாவியைக் கட்டிக்கொண்டு கிளம்பிவிடுவார். தெருமுனையில் இரும்பு மூடியை நெம்பித் தூக்கி, சாவியைக் குழிக்குள் இறக்கி, குறுக்குப் பிடியில் இரண்டு கையும் போட்டுச் சுற்றுவார். தெருவுக்கு அரை மணி நேரம். திறந்ததும் குனிந்து பிடியில் காதை வைத்துக் கேட்பார். கீழே ஓடுவது தண்ணீரா வெறும் காற்றா என்று காதுக்குத் தெரிந்துவிடும் என்பார். என்னையும் ஒருநாள் கேட்கச் சொன்னார். எனக்கு ஒன்றும் கேட்கவில்லை, காதில் துரு ஒட்டியதுதான் மிச்சம்.

கீழ் வீட்டில் அவர், பள்ளிச் சீருடை தைத்துக் கொடுக்கும் அண்ணி, பள்ளிக் கடைசி வகுப்பில் இருக்கிற மகள், அப்புறம் அவருடைய அப்பா. நான் பெரியப்பா என்று கூப்பிடுவேன். சரக்குக் கொட்டகையில் முப்பத்தெட்டு வருஷம் மூட்டை தூக்கியவர். அந்த வீடே மூட்டை தூக்கிக் கட்டியதுதான். எழுபத்து நாலு வயதாகியும் மாதச் சாமான் வாங்கப் போனால் அரிசி மூட்டையைத் தோளில் போட்டுக்கொண்டு நடந்தே வருவார். வண்டியில் போட்டுக்கொண்டு வந்தால் என்ன என்று கேட்டால், "அப்புறம் தோள் எதுக்கு, சட்டை மாட்டவா?" என்பார்.

அவர் மனைவி, அதாவது வால்வு அண்ணனின் அம்மா, பக்கவாதத்தில் மூன்று வருஷம் கிடந்து இறந்து ஆறு வருஷமாகிறது. அப்போதும் நான் மாடியில்தான் இருந்தேன். அதைப் பிறகு சொல்ல வேண்டிவரும்.

டிரான்ஸ்பர் வந்த கதை சின்னது. ஒரு லாட்ஜ்காரர் கூடுதலாக அரை மணி தண்ணீர் கேட்டார், எஞ்சினியர் தலையாட்டினார், வால்வு அண்ணன் திறக்கவில்லை. பெரிய நியாயவான் என்று நினைத்துவிடாதீர்கள். லாட்ஜுக்குத் திறந்தால் மேட்டுத் தெருவுக்கு ஏறாது. மேட்டுத் தெருப் பெண்கள் காலிக் குடத்தோடு வீட்டு வாசலுக்கே வந்துவிடுவார்கள். அந்தப் பயம்தான். பதினைந்தாம் நாள் உத்தரவு வந்தது. நிர்வாக நலன் கருதி, பத்து மணி நேரம் பஸ்ஸில் போக வேண்டிய மலையடிவார நீரேற்று நிலையத்துக்கு.

காலை பத்தேகாலுக்குக் கடைக்கு ஓடிவந்தார். சட்டைப் பொத்தான் மாறிப் போட்டிருந்தது.

"தம்பி, சாயந்திரம் ரிலீவ் பண்ணிடுவானுங்களாம். அதுக்குள்ள தடை வாங்கணும். யாராவது ஒரு வக்கீலப் பிடிச்சுக் குடு."

"பதட்டப்படாதீங்கண்ணே. உக்காருங்க."

"எங்கடா உக்கார்றது? புள்ளைக்கு இந்த வருஷம்தான் முக்கியமான வருஷம். நான் போயிட்டா வீடு என்னாகும்? உங்க அண்ணி தனியா என்ன பண்ணுவா?"

பக்கத்து அறை வக்கீல் கோட்டை மாட்டிக்கொண்டே வந்தார். "பொண்ணு படிப்பு, வருஷ நடுவுல மாத்துறது, பழிவாங்கல். இந்த மூணையும் போடு. மத்ததெல்லாம் பழைய ஃபைல்ல இருக்கிற மாதிரியே இருக்கட்டும். பதினோரு மணிக்குள்ள என் கையில இருக்கணும்."

இருபது நிமிஷத்தில் எட்டுப் பக்கம். பிரிண்டரிலிருந்து சுடச்சுட எடுத்துக் கொடுத்தேன். ஒவ்வொரு பக்கத்தின் அடியிலும் கையெழுத்து. கடைசிப் பக்கத்தில், மேலே கண்டவை அனைத்தையும் படித்துப் பார்த்து உண்மையென உறுதி கூறுகிறேன் என்ற வரிக்குக் கீழேயும் ஒன்று. பேனாவை நிறுத்தி அண்ணன் என்னைப் பார்த்தார்.

"படிக்கணுமா தம்பி?"

"நேரமில்லண்ணே. எல்லாம் வழக்கமாப் போடுறதுதான்."

சொன்னவன் நான்தான். கையெழுத்துப் போட்டுவிட்டார்.

மதியம் ஜூனியர் வக்கீல் குதித்துக்கொண்டு வந்தார். "தடை கெடைச்சிடுச்சு! ஜட்ஜ் மொதல்ல தள்ளுபடி பண்ணத்தான் போனாரு. டிரான்ஸ்பர் வேலையோட சேர்ந்தது, இதுக்கெல்லாம் கோர்ட்டுக்கு வரலாமான்னு திட்டினாரு. பொண்ணு படிப்பையும் கேக்கல, லாட்ஜையும் கேக்கல. பக்கத்தப் புரட்டிட்டே வந்தவரு ஏழாவது பத்தியில நின்னுட்டாரு. ரெண்டு தடவ படிச்சாரு. 'இந்த மனுஷன எப்படிய்யா அனுப்புறது?'ன்னு அரசு வக்கீலயே கேட்டாரு. அவ்வளவுதான்."

கடையில் டீ, பன் எல்லாம் வந்தது. வால்வு அண்ணன் என் முதுகில் தட்டினார். "என்னடா போட்ட அந்த ஏழாவது பத்தியில?"

பன்னைக் கீழே வைத்தேன். கம்ப்யூட்டரில் ஃபைலைத் திறந்தேன். அவர் என் தோளுக்குப் பின்னால் நின்று, வாயசைத்து, ஒவ்வொரு சொல்லாகப் படித்தார்.

'என் தந்தை பக்கவாதத்தால் வலப்பக்கம் செயலற்றுப் படுத்த படுக்கையாக இருக்கிறார். பேச இயலாது. இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை அவரைப் புரட்டிப் படுக்க வைப்பதும், உணவூட்டுவதும், மலஜலம் அகற்றுவதும், முதுகில் புண் வராமல் வெந்நீரில் துணி நனைத்துத் துடைத்துவிடுவதும் நானே. நான் இல்லையென்றால் அவரைத் தொட்டுத் தூக்க வேறு கை இல்லை.'

"என்ன தம்பி இது?"

"பழைய ஃபைல்ல இருந்ததுண்ணே. எடுக்க விட்டுப்போச்சு."

"எங்கப்பா நேத்துதானடா கொல்லையில தென்னைக்குக் குழி வெட்டுனாரு."

வக்கீலிடம் ஓடினோம். அவர் முதலில் என்னைத் திட்டினார். பிறகு நாற்காலியில் சாய்ந்து யோசித்தார். பிறகு குரலை இறக்கினார். "இப்ப போய்த் தப்புன்னு சொன்னா, பொய்ப் பிரமாணம்னு கேஸ் ஆகும். வேலையே போகும். வாய மூடிட்டு இருங்க. யாரு வந்து பாக்கப் போறாங்க?"

வாயை மூடிக்கொண்டோம். அண்ணன் மறுநாளும் சைக்கிளில் சாவியைக் கட்டிக்கொண்டு கிளம்பினார். பெரியப்பாவிடம், "கோர்ட்டுல நியாயம் கெடைச்சிடுச்சுப்பா" என்று மட்டும் சொன்னார். கிழவர் சந்தோஷப்பட்டு எனக்கும் சேர்த்து மாம்பழம் வாங்கி வந்தார். அதை நான் சாப்பிட்டேன், எப்படித்தான் இறங்கியதோ.

ஆனால் மனுவின் நகல் ஆபீசுக்குப் போகும் என்பதை நாங்கள் யாரும் நினைக்கவில்லை. ஆபீசில் அதை வாய்விட்டே படித்திருக்கிறார்கள். அடுத்த ஞாயிற்றுக்கிழமை பம்ப் ரூம் மேஸ்திரி பழப்பையோடு வீட்டுக்கு வந்தார். நல்ல மனிதர், நோயாளியைப் பார்க்க வந்தவர். கேட்டில் பெரியப்பா அரிசி மூட்டையோடு எதிரே வந்தார். நான் மாடிப் படியில் பல் விளக்கிக்கொண்டிருந்தேன்.

"யாரப் பாக்கணும்?"

"வால்வோட அப்பா படுத்த படுக்கையா இருக்காராமே. பாத்துட்டுப் போலாம்னு வந்தேன்."

"வால்வோட அப்பாவா?"

"ஆமாங்க. பாவம், பேச்சும் வரலியாம்."

பெரியப்பா மூட்டையை இறக்காமலே நின்றார். "அது நான்தான்யா" என்றார்.

மேஸ்திரி அவரை ஏற இறங்கப் பார்த்தார். அவருக்கு விஷயம் புரிந்ததா, புரியாத மாதிரி போனாரா தெரியவில்லை. பழப்பையைச் சுவர் மேல் வைத்துவிட்டு, "உடம்பப் பாத்துக்குங்க" என்று சொல்லித் திரும்பிப் பார்க்காமல் போனார். நான் வாய் நுரையோடு படியிலேயே உட்கார்ந்துவிட்டேன்.

அன்று சாயந்திரம் பெரியப்பா எங்கள் இரண்டு பேரையும் கூடத்தில் உட்கார வைத்தார். அண்ணி தையல் மெஷினை நிறுத்தவில்லை. நிறுத்தினால் பேச வேண்டிவரும் என்று மிதித்துக்கொண்டே இருந்தார்.

"கோர்ட்டுல குடுத்தீங்களே, அந்தப் பேப்பரப் படி" என்றார் என்னிடம்.

"வேணாம் பெரியப்பா."

"எனக்குக் கண்ணு சரியாத் தெரியாது, காது தெரியும். படி."

படித்தேன். 'வேறு கை இல்லை' என்ற இடத்தில் மெஷின் நின்றது. பெரியப்பா கோபப்படுவார் என்று காத்திருந்தேன். அவர் துண்டை மடித்து மடித்து விரித்துக்கொண்டிருந்தார்.

"இத எழுதினவன் செஞ்சு பாத்தவன்" என்றார். "வெந்நீர்ல துணி நனைச்சுன்னு போட்டிருக்கான் பாரு. செய்யாதவனுக்கு அது தோணாது. பச்சத் தண்ணில தொடச்சா அந்தத் தோலு சுருங்கிக் கிழியும். உங்க அத்தைக்கு மொத மாசம் அப்படித்தான் ஆச்சு."

கடைசி வரியை அண்ணியைப் பார்த்துச் சொன்னார். மகனைப் பார்க்கவில்லை.

பிறகு சொல்கிறேன் என்றேனே, அது இதுதான். அந்த மூன்று வருஷமும் கிழவர்தான் எல்லாம் செய்தார். அண்ணி கேட்டபோதும், "நீ தையலப் பாரும்மா, நான் பாத்துக்கறேன்" என்று அனுப்பிவிட்டார். கிழவிக்கு எஞ்சியிருந்தது ஒரே சொல், 'தண்ணி'. வலித்தாலும் தண்ணி, பசித்தாலும் தண்ணி, புரட்டிப் போட வேண்டுமென்றாலும் தண்ணி. அண்ணன் வேலை முடிந்து வந்து அறை வாசல்படியில் நிற்பார். "அம்மா சாப்டாச்சா?" என்பார். உள்ளேயிருந்து 'தண்ணி' என்று கேட்டால், "அப்பா, அம்மா தண்ணி கேக்குறாங்க" என்று குரல் கொடுத்துவிட்டுக் கை கால் கழுவப் போய்விடுவார். படியைத் தாண்டி உள்ளே போய் நான் பார்த்ததில்லை. கெட்ட மகன் இல்லை. மருந்து குறைந்ததில்லை, டாக்டர் வராமல் இருந்ததில்லை. அவருக்கு அந்த அறை பயம். மாடியிலிருந்து இதையெல்லாம் பார்த்த நானும் ஒருநாள் இறங்கிப் போய் ஒரு கை பிடித்ததில்லை.

"அப்பா, தெரியாம நடந்துபோச்சுப்பா" என்றார் அண்ணன்.

"தெரியாமதான் நடக்கும். விடு" என்றார் பெரியப்பா. அவ்வளவுதான் பேச்சு.

விட முடியவில்லை. தடையை நீக்கச் சொல்லி அரசு வக்கீல் மனுப் போட்டார். அப்பா படுக்கையில் இருப்பது பொய் என்று ஆபீசிலிருந்து யாரோ எழுதிக் கொடுத்திருந்தார்கள். ஜட்ஜ் ஒரு பெண் வக்கீலைக் கமிஷனராகப் போட்டு, வீட்டுக்கே போய்ப் பார்த்து அறிக்கை தரச் சொல்லிவிட்டார். வியாழக்கிழமை காலை பதினோரு மணி.

புதன்கிழமை அண்ணன் சாப்பிடவில்லை. "நான் போய் உண்மையச் சொல்லிடுறேன்பா."

"சொன்னா?"

"வேலை போயிடும். கேஸும் வரும்."

"வேலை போனா?"

மகளின் புத்தகப்பை நாற்காலியில் கிடந்தது, பெரியப்பா அதைப் பார்த்தார்.

"அப்ப நான் படுத்துக்கறேன்."

"மாமா!" என்றார் அண்ணி.

"என்ன மாமா? படுக்கத்தானம்மா சொல்றாங்க, சாகவா சொல்றாங்க? மூணு வருஷம் பக்கத்துல இருந்து பாத்தவன் நான். எனக்குத் தெரியாததா?"

வியாழக்கிழமை மகளைப் பள்ளிக்கு அனுப்பியாயிற்று. கிழவியின் பழைய கட்டிலை அதே அறையில், அதே மூலையில் போட்டார்கள். கமிஷனர் வரப்போவது தெரிந்ததிலிருந்தே பெரியப்பா முகச்சவரம் செய்யாமல் நாலு நாள் விட்டிருந்தார். படுத்த பிறகு தலையைத் தூக்கி அண்ணியிடம், "காலுக்கு சாக்ஸ் போட்டு விடும்மா. வெடிப்பப் பாத்தா நடக்கிற கால்னு தெரிஞ்சிடும்" என்றார். அண்ணி மகளின் பள்ளிக்கூட சாக்ஸைப் போட்டுவிட்டார். அது குதிகாலில் ஏறவில்லை, கத்தரித்து ஏற்றினார். ஏற்றும்போது அழுதுகொண்டிருந்தார்.

கமிஷனர் வக்கீலம்மாவுக்கு ஐம்பது வயதிருக்கும். செருப்பை வெளியே கழற்றிவிட்டு வந்தார். அக்கம்பக்கத்தில் ஒரு ஆள் சாட்சிக்கு வேண்டும் என்றதும் அண்ணன் என்னைக் கூப்பிட்டார். மாட்டேன் என்று சொல்ல எனக்கு என்ன யோக்கியதை இருக்கிறது, இறங்கி வந்தேன்.

அறைக்குள் நுழைந்தேன். கட்டிலில் பெரியப்பா இல்லை, கிழவி கிடந்தார். வலது கை மணிக்கட்டில் மடங்கி மார்பில் ஒட்டியிருந்தது, கட்டை விரல் உள்ளங்கைக்குள். வாய் ஒரு பக்கம் இறங்கி, ஓரத்தில் எச்சில். அந்த அம்மா எப்படிக் கிடந்தாரோ அப்படியே. ஒரு மடிப்புக்கூட மாறவில்லை. அண்ணனைப் பார்த்தேன். அவர் வழக்கம்போல வாசல்படியிலேயே நின்றுவிட்டிருந்தார்.

"உள்ள வாங்க" என்றார் வக்கீலம்மா. "எத்தன மணிக்கு ஒரு தடவ புரட்டிப் போடுறீங்க?"

"ரெண்டு மணிக்கு ஒரு தடவ."

"முதுகு எதுல தொடைக்கிறீங்க?"

"வெந்நீர்ல துணி நனைச்சு."

வாய்ப்பாடம் பிசகவில்லை. வக்கீலம்மா தலையாட்டி எழுதிக்கொண்டார். பிறகு, "எங்கம்மா நாலு வருஷம் படுத்திருந்தாங்க" என்றார் சாதாரணமாக. "முதுகப் பாத்தாலே எப்படிப் பாத்துக்கிறாங்கன்னு தெரியும். கொஞ்சம் புரட்டிப் போடுங்க, பாத்துக்கிறேன்."

அண்ணன் கட்டிலுக்குப் பக்கத்தில் போனார். எங்கே பிடிப்பது என்று தெரியவில்லை. குனிந்தார், நிமிர்ந்தார். பிறகு மடங்கியிருந்த வலது கையைப் பிடித்து இழுத்தார்.

"ஐயோ, அந்தக் கையப் பிடிச்சு இழுக்கக்கூடாது, தோள் கழண்டுடும்!" என்றார் வக்கீலம்மா.

அண்ணன் கையை விட்டார். இடுப்பைப் பிடித்தார், போர்வைதான் வந்தது. இரும்புச் சாவியைச் சுற்றி வால்வு திறக்கிற கை, போர்வையைப் பிடித்தபடி நின்றது. அப்போது பெரியப்பா 'தண்ணி' என்றார். அதே குழறல், அதே இழுப்பு. மகனுக்கு அந்தச் சங்கடத்திலிருந்து தப்பிக்க ஒரு வழி கொடுக்கத்தான் சொல்லியிருப்பார் என்று நினைக்கிறேன். ஆனால் அண்ணன் முகம் செத்துப்போனது. டம்ளரை எடுத்துத் தலையைக்கூடத் தூக்காமல் படுத்த வாயில் ஊற்றினார். புரையேறியது. பெரியப்பா இருமினார், கண்ணில் தண்ணீர் கொட்ட நிஜமாகவே இருமினார். அந்த இருமலிலும் வலது கையை அவர் அசைக்கவில்லை.

அண்ணிதான் ஓடிவந்து கழுத்துக்கடியில் கையைக் கொடுத்துத் தூக்கினார். வக்கீலம்மா தன் முந்தானையால் கிழவரின் வாயைத் துடைத்துவிட்டார். அதன்பின் எந்தக் கேள்வியும் கேட்கவில்லை. முதுகையும் பார்க்கவில்லை. கிளம்பும்போது ஒரு தாளில் என்னிடம் சாட்சிக் கையெழுத்து வாங்கிக்கொண்டார். அண்ணனைப் பார்த்து, "அவரு பேச மாட்டாரு, ஆனா எல்லாம் தெரியும் அவருக்கு. ஞாபகம் வெச்சுக்குங்க" என்றார்.

அவர் கேட்டைத் தாண்டிப் போன பிறகும் பெரியப்பா எழுந்திருக்கவில்லை.

"எந்திரிங்கப்பா, போயிட்டாங்க."

"இருடா" என்றார், வாயை நேராக்கிக்கொண்டு. கண் வாசல் பக்கம் இருந்தது. "இங்கேருந்து பாத்தா ஜன்னலு தெரியல, கொல்ல தெரியல. அந்த வாசப்படி ஒண்ணுதான் தெரியுது. நான் நினைச்சதே இல்ல. நீ வந்து நிப்பியே, அது மட்டும்தான் அவளுக்குத் தெரிஞ்சிருக்கும்."

குத்திக்காட்டுகிற குரல் இல்லை அது. ஏதோ ஒன்றைப் புதிதாகக் கண்டுபிடித்தவர் சொல்கிற குரல். அண்ணன் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றார். நான் மாடிக்குப் போய்விட்டேன்.

அறிக்கையின் நகல் பத்து நாளில் வந்தது. அந்தப் பத்து நாளும் பெரியப்பா வீட்டை விட்டு வெளியே வரவில்லை. யாராவது பார்த்துவிடுவார்கள் என்று கொல்லைக்குக்கூட இருட்டிய பிறகுதான் போனார். தென்னங்குழி பாதியில் கிடந்தது. வக்கீல் அறையில் அண்ணனும் நானும் நின்றோம். வக்கீல் சத்தமாகப் படித்தார்.

'மனுதாரரின் தந்தை படுத்த படுக்கையாக இருக்கக் கண்டேன். ஆனால் அவரைத் தொட்டுப் பராமரித்த பழக்கம் மனுதாரருக்குச் சிறிதும் இருப்பதாக எனக்குத் தோன்றவில்லை. ஏழாவது பத்தியில் தந்தையைப் பற்றிச் சொல்லியிருப்பது உண்மை. தன்னைப் பற்றிச் சொல்லியிருப்பது பொய்.'

"ஒண்ணும் பயமில்ல" என்றார் வக்கீல். "படுக்கைன்னு எழுதிட்டாங்க பாரு, அது போதும். மனைவிதான் பாத்துக்கிறாங்க, இவரு கூடமாட ஒத்தாசைன்னு ஒரு திருத்தம் போட்டா தடை நிக்கும். தம்பி, அடிச்சுட்டு வா."

"வேண்டாங்க" என்றார் வால்வு அண்ணன்.

"என்ன வேண்டாம்?"

"வாபஸ் வாங்கிடுங்க."

"யோவ், ஜெயிச்சு வெச்சிருக்கேன்யா!"

"அந்தம்மா பாத்தது ஒரு பொய்யத்தான். ஆனா எழுதினது சரியா இருக்கு சார். இதுக்கு மேல நான் என்ன திருத்தம் போடுறது?"

வக்கீல் என்னைப் பார்த்தார், புத்தி சொல்லு என்கிற மாதிரி. நான் கடைக்குப் போய் வாபஸ் மனுவை அடித்தேன். நாலு வரி. பழைய ஃபைலைத் திறக்காமல் அடித்தேன். அண்ணன் இந்தத் தடவை உட்கார்ந்து, விரல் வைத்து, இரண்டு தடவை படித்தபிறகுதான் கையெழுத்துப் போட்டார்.

அவர் கிளம்பிய திங்கட்கிழமை காலை ஒன்பதரை மணி. கோர்ட் தெருவில் கூட்டம் நெரிகிற நேரம். கடைக்கு வெளியே ஜெராக்ஸுக்கு நின்றவர்கள் எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள். நானும் எட்டிப் பார்த்தேன்.

பெரியப்பா மகனின் இரும்புப் பெட்டியைத் தோளில் வைத்துக்கொண்டு நடுத்தெருவில் வந்துகொண்டிருந்தார். முகச்சவரம் செய்து, வெள்ளைச் சட்டை போட்டிருந்தார். பின்னால் அண்ணன் தலையைக் குனிந்துகொண்டு, கையில் ஒரு தண்ணீர்ப் பாட்டிலோடு வந்தார். குடுங்கப்பா, குடுங்கப்பா என்று கேட்டுக் கேட்டுக் களைத்துப்போனது அவர் முகத்தில் தெரிந்தது. குடிநீர் ஆபீஸ் வாசலில் நாலைந்து பேர் நின்றார்கள். பம்ப் ரூம் மேஸ்திரி மட்டும் அவசரமாக உள்ளே போய்விட்டார், மற்றவர்கள் பார்த்துக்கொண்டே நின்றார்கள். திட்டியிருந்தால்கூடத் தேவலை.

அண்ணன் டிக்கெட் வாங்க முன்னால் போனார். பெரியப்பா என் கடை வாசலில் நின்றார். பெட்டியை இறக்கவில்லை.

"தம்பி, ஒண்ணு கேக்கணும்னு இருந்தேன். அந்தப் பத்திய எழுதினான் பாரு, அந்தக் குமாஸ்தா. அவனுக்குக் கோர்ட்டுல கெடைச்சுதா?"

எனக்கு நன்றாக ஞாபகம் இருந்தது. ஸ்டூலில் உட்கார்ந்து, ஒவ்வொரு வரியாக அவரே சொல்லச் சொல்ல நான் அடித்தேன். வெந்நீர் என்கிற இடத்தில், இது வேண்டுமா சார் என்றேன். வேண்டும், போடுங்கள் என்றார். இரண்டே நிமிஷத்தில் தள்ளுபடி ஆகிவிட்டது. மனுக் கட்டைத் திருப்பி வாங்கிக்கொண்டு என் கடை வழியாகத்தான் போனார்.

"கெடைக்கல பெரியப்பா."

அவர் தோளில் பெட்டியை ஒரு தூக்குத் தூக்கிச் சரிசெய்துகொண்டார்.

"பாவம். அப்புறம் அவங்கப்பாவ யாரு பாத்துக்கிட்டா?"

எட்டு வருஷமாக அந்த ஃபைலை வைத்துத்தான் பிழைக்கிறேன். அதை நான் கேட்டதே இல்லை.